துடக்கு வீட்டுச் சாட்சி

வேலிப் படலையடியில் ஒரு மோட்டார் சைக்கிள் வேகம் குறைந்தால் இன்றைக்கும் கைவேலையை விட்டு எழும்பிவிடுவேன். பக்கத்து வீட்டுக்குக் கடிதம் கொண்டுவந்த தபால்காரராக இருக்கும். ஆனாலும் மகன் வீட்டு வளவுக்குள் எங்கே நிற்கிறான் என்று கண் தேடும். நின்றால், "தம்பி, இஞ்சை வா, இந்தத் தேங்காயை உரிச்சுத் தா" என்று ஒழுங்கைத் தெரு முழுக்கக் கேட்கக் கத்துவேன். தேங்காயை முன்னமே உரித்து வைத்திருப்பேன். அவன் வீட்டில்தான் நிற்கிறான் என்று நாலு பேருக்குக் கேட்க வேண்டும். அதற்காகத்தான் கத்துவது.

முந்தி எனக்குக் கத்தத் தெரியாது. ஐந்தாம் வகுப்போடு நின்றவள் நான். பள்ளிக்கூடத்தில் பெயரைக் கேட்டாலே காலைப் பார்த்துக்கொண்டு நிற்பேன். கலியாணம் முடித்த பிறகு வெளியாட்களோடு கதைப்பதெல்லாம் கணவர்தான். கடைக்காரர் மிச்சம் தராவிட்டால்கூட வீட்டுக்கு வந்து அவரிடம்தான் சொல்லுவேன்.

அவர் ஓர் ஆடி மாதம் நெஞ்சுநோவில் போய்விட்டார். மகள் கலியாணம் செய்து தென்மராட்சியில் இருக்கிறாள். வீட்டில் நானும் மகனும்தான். மகன் நீர்வேலியில் வாழைத்தோட்டத்தில் குலை வெட்டி லொறிக்கு ஏற்றுகிற வேலை. கொள்ளி வைத்தவன் அவன். இந்தக் காலத்தில் பலர் மீசையை மட்டும் எடுத்துவிட்டு நிறுத்திவிடுகிறார்கள். அப்பாவுக்குச் செய்வதில் குறை விடக் கூடாதென்று என் மகன் முழுத் தலையையும் மழித்தான். அதுதான் எங்களுக்கு வினையாக வந்தது.

செத்த வீட்டுத் தீட்டைத் துடக்கு என்போம். முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி செய்து, கீரிமலையில் சாம்பலைக் கடலில் கரைக்கும் வரை துடக்கு வீட்டுக்காரர் கோயில் படி மிதிப்பதில்லை. அடுத்த வீட்டு வாசல் ஏறுவதில்லை. புருஷனை இழந்தவள் படலையையே தாண்டக் கூடாது. எங்கள் பக்கத்தில் இதை யாரும் சொல்லித் தருவதில்லை. எல்லாருக்கும் தெரியும்.

அந்தியேட்டிக்கு இன்னும் நாள் இருந்தது. ஒரு மத்தியானம் மகன் தகப்பனின் படத்துக்கு முன்னால் வாழையிலை விரித்தான். நான் சோறும் கறியும் கொண்டுபோய் வைத்தேன். அவன் கத்தரிக்காய்க் குழம்பில் விரல் வைத்து நக்கிப் பார்த்துவிட்டு, "அம்மா, பிறஷர் பிறஷர் எண்டு அப்பாவுக்கு உப்பில்லாமல் குடுத்தே பழகியிட்டியள். இனியாவது அந்த மனுசனுக்கு உப்புப் போடுங்கோவன்" என்றான். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. புருஷன் செத்து ஒரு மாதம் ஆகவில்லை, நான் வாயைச் சேலைத் தலைப்பால் பொத்திக்கொண்டு சிரித்தேன்.

அந்த நேரம்தான் வெளியில் சனம் ஓடுகிற சத்தம் கேட்டது. "ரீச்சரைத் தள்ளி விழுத்திப்போட்டுச் சங்கிலியை அறுத்துக்கொண்டு ஓடீட்டான்!" என்று யாரோ கத்தினார்கள். மகன் படலை வரை ஓடினான். அங்கே நின்றுவிட்டான். துடக்கு.

ரீச்சர் மிஷன் பள்ளிக்கூடத்தில் படிப்பித்து ஓய்வு பெற்றவர். தேவாலயத்துக்குப் பக்கத்து ஒழுங்கையில் தனியே இருக்கிறார். எங்கள் செத்தவீட்டுக்கு வந்து என் கையைப் பிடித்துக்கொண்டு நெடுநேரம் இருந்தார். போகும்போது மகனின் கன்னத்தில் கை வைத்து, "தம்பி, அம்மாவைப் பாத்துக்கொள்" என்று சொன்னார். அந்த மனுசிக்கு இடுப்பெலும்பு உடைந்துவிட்டது. ஆசுபத்திரிக் கட்டிலில் கிடந்தபடி பொலிசுக்கு அவர் சொன்னது இதுதான்: மெலிந்த பெடியன், மழித்த தலை, மயிர் கொஞ்சம் முளைத்திருந்தது.

ஊரில் மழித்த தலை யாருக்கு என்று கேட்டிருக்கிறார்கள். செத்தவீட்டுக்காரன் இருக்கிறானே என்று சனம் எங்கள் ஒழுங்கையைக் காட்டியிருக்கிறது. கெட்ட எண்ணத்தோடு காட்டியதாக நான் சொல்ல மாட்டேன். கேட்டார்கள், சொன்னார்கள். அது ஆவணி மாதம். தொண்டைமானாற்றில் சந்நிதி முருகன் திருவிழா நடந்துகொண்டிருந்தது. நேர்த்திக்கடனுக்கு மொட்டை போட்டவர்கள் பஸ் பஸ்ஸாகப் போய் வந்துகொண்டிருந்தார்கள். அதை ஒருவரும் நினைக்கவில்லை.

பொலிஸ் முதலில் ஒரு மோட்டார் சைக்கிளில்தான் வந்தது, பின்னால் ஜீப். நான் அறைக்குள் இருந்தேன். என் அண்ணை அடுத்த வளவில் இருப்பவர். அவர்தான் ஓடி வந்து கதைத்தார். "ஊரே ஓடி வந்தது, நீ மட்டும் ஏன் வரேல்லை?" என்று தமிழ் தெரிந்த பொலிஸ்காரர் மகனைக் கேட்டார். "துடக்கு ஐயா" என்றான். "துடக்கோ, பயமோ?" என்று அவர் சிரித்தார். நான் கதவுக்குப் பின்னால் நின்று, "அவன் என்னோடைதான் நிண்டவன்" என்று சொன்னேன். சத்தம் வெளியே வந்ததா, தொண்டைக்குள்ளேயே நின்றதா என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது. ஒருவரும் திரும்பிப் பார்க்கவில்லை. மகனை ஜீப்பில் ஏற்றினார்கள். அவன் காலில் செருப்புக்கூட இல்லை.

அன்று பின்னேரம் அண்ணையிடம் சொன்னேன். "அண்ணை, நான் பொலிசுக்குப் போய்ச் சொல்லட்டோ? அந்த நேரம் அவன் இஞ்சைதான் நிண்டவன்."

"உனக்கென்ன விசரே பிள்ளை? துடக்கோடை பொலிஸ், வழக்கு, கோட்டுப் படி எண்டு ஏறப்போறியோ? ஆற்றையேன் கண்ணிலை பட்டால் என்ன சொல்லுவினம்? அந்தியேட்டி முடியட்டும். எல்லாருமாப் போய்ச் சொல்லுவம். செய்யாதவனை என்ன செய்யிறது, விட்டிடுவாங்கள்."

அண்ணை நல்ல மனுசன். அவர் சொன்ன மாதிரித்தான் நாங்கள் எல்லாரும் நினைத்தோம். செய்யாதவனை விட்டுவிடுவார்கள்.

அதற்கிடையில் அடையாள அணிவகுப்பு வைத்தார்கள். பெடியன்களை வரிசையாக நிறுத்தி, ஆளைத் தொட்டுக் காட்டச் சொல்வார்கள். ரீச்சரைச் சக்கர நாற்காலியில் கொண்டுவந்தார்களாம். அந்தியேட்டி முடிந்த பிறகு சிறைக்கு, எங்கள் பேச்சில் மறியலுக்கு, பார்க்கப் போனபோது மகன் சொன்னான்: "வரிசையிலை நிண்ட எல்லாருக்கும் தலை நிறைய மயிர் அம்மா. எண்ணெய் வைச்சு இழுத்திருந்தாங்கள். நான் ஒருத்தன்தான் மொட்டை. ரீச்சர் மற்ற ஆக்களைப் பாக்கவே இல்லை. நேரை என்னட்டை வந்தா." அன்றைக்கு அவன் பக்கத்தில் சட்டம் தெரிந்த ஓர் அப்புக்காத்து இல்லை. எல்லாருக்கும் ஒரு தொப்பி போட்டு நிறுத்துங்கள் என்று கேட்க ஆள் இல்லை.

கீரிமலையில் கணவரின் அந்தியேட்டியை அவருடைய தமையன் மகன்தான் செய்தான். பெற்ற மகன் மறியலில். சாம்பல் கடலில் போகிறபோது நான் அழுதது செத்தவருக்காக அல்ல.

அதன் பிறகு பொலிசுக்குப் போனோம். "இவ்வளவு நாளும் எங்கை அம்மா இருந்தனீங்கள்?" என்று கேட்டார்கள். வழக்கு வந்தபோது கோட்டிலும் அதே கேள்விதான். அரசாங்கத் தரப்பு அப்புக்காத்து என்னைச் சாட்சிக்கூட்டில் நிறுத்தி, "உங்கடை வீட்டு முற்றத்துக்குப் பொலிஸ் வந்ததுதானே? அவையளிட்டைச் சொல்லவும் துடக்கோ?" என்று கேட்டார். பின்வாங்கில் யாரோ சிரித்தார்கள். "அந்த நேரம் மகன் உங்களோடை நிண்டவர் எண்டு எப்பிடி அவ்வளவு நிச்சயம்? அண்டைக்கு அப்பிடி என்ன விசேஷம்?"

எனக்கு நல்ல ஞாபகம். உப்பும் ஞாபகம், சிரிப்பும் ஞாபகம், சிரிப்பு அடங்குமுன் சனம் ஓடிய சத்தமும் ஞாபகம். ஆனால் அத்தனை ஆம்பிளைகளுக்கு முன்னால், புருஷனின் படையலுக்குப் பக்கத்தில் நான் சிரித்துக்கொண்டிருந்தேன் என்று எந்த வாயால் சொல்வது? கூட்டின் பலகையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். "சத்தமாச் சொல்லுங்கோ அம்மா" என்றார் நீதிபதி. நான் ஒன்றும் சொல்லவில்லை. மகனைக் காப்பாற்றப் பிறகு கட்டிய கதை என்று என் சாட்சியைத் தள்ளிவிட்டார்கள். மகனுக்கு ஏழு வருஷம் மறியல்.

அந்த நாட்களை எப்படிச் சொல்வது? ஒவ்வொரு கிழமையும் மறியலுக்குப் போவேன். கம்பிக்குப் பின்னால் நின்று, "நல்லாச் சாப்பாடு தாறாங்கள் அம்மா" என்று அவன் பொய் சொல்லுவான். ஓம் என்று நானும் தலையாட்டுவேன். சந்தையில் என்னைக் கண்டால், "மொட்டையன்ரை தாய் வாறா, சங்கிலியைக் கழட்டி ஒளியுங்கோடி" என்று ஒருத்தி கேட்கத்தக்கதாகச் சொல்லுவாள். நான் மரக்கறி வாங்காமலே திரும்பிவிடுவேன். கொழும்பில் மேன்முறையீடு போட்டிருந்தது. அது எப்போது வரும் என்று ஒருவருக்கும் தெரியாது.

அடுத்து வந்த ஒரு சந்நிதித் திருவிழாக் காலம். பின்னேரம் படலையடியில் ஓர் ஓட்டோ வந்து நின்றது. ரீச்சர் ஊன்றுகோலோடு இறங்கினார். இன்னும் என்ன சொல்லப் போகிறாரோ என்று அடுப்படிக் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

"உள்ளை வரலாமோ பிள்ளை?"

"வாங்கோ ரீச்சர்."

கதிரையில் உட்கார்ந்து ஊன்றுகோலை மடியில் வைத்துக்கொண்டார்.

"நான் பொய் சொல்லேல்லைப் பிள்ளை."

"ஓம் ரீச்சர்."

"பொய் சொல்லேல்லை. ஆனால் நேற்றுத் தொண்டைமானாற்றுப் பக்கத்தாலை பஸ்ஸிலை வந்தனான். கோயிலடியிலை மொட்டை போட்ட பெடியள் கொஞ்சப்பேர் ஏறினவங்கள். முதல் ஏறினவனைக் கண்டவுடனை எனக்குக் குலைநடுக்கம். இவன்தான், இவன்தான் எண்டு மனம் அடிக்குது. அடுத்தவன் ஏறினான். அவனும் அவன் மாதிரித்தான். எல்லாரும் அவன்தான் பிள்ளை." ஊன்றுகோலை இறுக்கிப் பிடித்தார். "அப்ப நான் ஆரைத் தொட்டனான்? உன்ரை மகன்ரை முகம் எனக்குத் தெரியும். ஆனால் அந்த முகத்தை நான் இஞ்சை, உன்ரை செத்தவீட்டிலைதானே கிட்டக் கண்டனான். வரிசையிலை எனக்குத் தெரிஞ்ச முகம் அதுதானோ?"

கோட்டில் சொல்லுவீர்களா என்று கேட்கக்கூடப் பயம். கேட்டால் மாட்டேன் என்று விடுவாரோ என்று.

"வெளிநாட்டிலை இருக்கிற மகன் போனிலை கத்துறான். இப்ப மாத்திச் சொன்னால் பொய்ச்சாட்சி எண்டு உங்களைத்தான் உள்ளை போடுவாங்கள் எண்டு. எனக்குப் பயமாக் கிடக்குப் பிள்ளை."

"எனக்கும் பயம் ரீச்சர்" என்றேன். அன்றைக்கு நான் சொன்னது அவ்வளவுதான். தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்தேன். இரண்டு பேரும் குடிக்கவில்லை. பாலாடை படிந்துவிட்டது.

ரீச்சர் எங்கள் அப்புக்காத்திடம் தானே போய்ச் சொன்னார். கொழும்பு மேன்முறையீட்டில் நீதிபதிகள், ஒரேயொரு மொட்டைத் தலையை வரிசையில் நிறுத்தி ஆளைக் காட்டச் சொன்னது பிழை என்று எடுத்து, வழக்கைத் திரும்பக் கேட்கச் சொன்னார்கள். ரீச்சர் கூட்டில் ஏறி, பஸ்ஸில் நடந்ததை அப்படியே சொன்னார். படிப்பித்த குரல், மூலைக்கும் கேட்டது.

பிறகு என்னைக் கூப்பிட்டார்கள். அதே கேள்வி வந்தது. அண்டைக்கு அப்பிடி என்ன விசேஷம்?

"நான் சிரிச்சனான் ஐயா" என்றேன்.

"என்ன?"

இந்த முறை கத்தித்தான் சொன்னேன். உப்பைச் சொன்னேன். மகன் என்ன சொன்னான் என்று அவன் சொன்ன மாதிரியே சொன்னேன். "புருஷன் செத்த வீட்டிலை சிரிச்சுக்கொண்டு நிண்டனான் ஐயா. அந்தச் சிரிப்பு அடங்க முதல்தான் சனம் ஓடின சத்தம் கேட்டது. அந்த வெட்கத்திலை முதல் தரம் சொல்லேல்லை." ஒருவரும் சிரிக்கவில்லை. நீதிபதி எழுதுவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். குற்றவாளிக் கூட்டில் நின்ற மகன் முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

அவனை விட்டார்கள். சங்கிலி அறுத்தவன் இன்றைக்கும் பிடிபடவில்லை.

சட்டம் படித்தவர்கள் பெரிய மாற்றங்கள் வேண்டும் என்று பேப்பரில் எழுதுகிறார்கள். எழுத்துக்கூட்டி வாசிப்பேன், முழுக்க விளங்காது. நான் கேட்பது சின்ன விஷயம். மொட்டைத் தலைக்காரனை நிறுத்தினால் பக்கத்திலும் மொட்டைத் தலைகளை நிறுத்துங்கள். ஏழைப் பெடியனாக இருந்தாலும் பிடித்த அன்றைக்கே ஓர் அப்புக்காத்தைப் பக்கத்தில் விடுங்கள். ஒருவனைப் பிடிக்கிற வீட்டில், கதவுக்குப் பின்னால் நிற்கிற பொம்பிளையையும் ஒரு தரம் கூப்பிட்டுக் கேளுங்கள். வெளியே வராவிட்டால் கதவடிக்குப் போய்க் கேளுங்கள்.

மகன் மறுபடி வாழைத்தோட்டத்துக்குப் போகிறான். தலைமயிரைக் கழுத்து வரை வளர்த்திருக்கிறான். "வெட்டடா" என்று சிநேகிதர்கள் சொன்னாலும் வெட்டுவதில்லை. நானும் வெட்டச் சொல்வதில்லை. சந்திக்குப் போனால் கமரா பொருத்திய கடை வாசலில் நில் என்று சொல்லி விடுவேன். "ஓம் அம்மா, கமராவுக்குச் சிரிச்சுப்போட்டு வாறன்" என்பான்.

போன கிழமை எனக்கு நெஞ்சுக்குள் ஒரு பிடிப்பு வந்தது. வாய்வு என்று டொக்டர் சொன்னார். ஆனால் அன்றிலிருந்து வேறொரு பயம் பிடித்துக்கொண்டது. நான் செத்தால் கொள்ளி வைக்கிறவன் அவன்தான். சாப்பிட்டுக்கொண்டிருந்தவனிடம் சொன்னேன்.

"தம்பி, எனக்குக் கொள்ளி வைக்கேக்கை தலை மழிக்கக் கூடாது. மீசையை மட்டும் எடுத்தால் போதும். மாமா பேசினாலும் கேளாதை. நான் சொன்னது எண்டு சொல்லு."

அவன் சோற்றைப் பிசைந்துகொண்டே சிரித்தான். "நீங்கள் சாகிறதுக்குள்ளை எனக்கு வழுக்கை விழுந்திடும் அம்மா. பிறகு மழிக்க என்ன கிடக்கு?"

நானும் சிரித்தேன். அவன் தண்ணிச் செம்பை எடுக்கக் குனிந்தான். உச்சியைப் பார்த்தேன். மயிர் அங்கே உண்மையாகவே ஐதாகிக்கொண்டு வந்திருந்தது. அந்த நேரம் ஒழுங்கையில் ஒரு மோட்டார் சைக்கிள் வேகம் குறைந்தது.

"தம்பி, இன்னும் கொஞ்சம் சோறு போடட்டோ?" என்று கத்தினேன்.