வக்கேரோவுக்கு அப்பா சொன்ன பதில்

பள்ளிக்கூடத்தில் ஒரு வாத்தியார் என்னைப் பார்க்கும்போதெல்லாம், "நீ மாடு மேய்க்கத்தாண்டா லாயக்கு" என்பார். வகுப்பே சிரிக்கும். நானும் சிரிப்பேன். மற்ற பையன்களுக்கு அது வசவு, எனக்குக் குடும்பத் தொழில். அப்பா ஊர் மாடுகளைக் கூலிக்கு மேய்க்கிறவர். அதனால் எல்லாரையும்விட ஒரு சுற்று கூடுதலாகவே சிரித்துவைப்பேன்.

வளைகுடாவுக்கு விமானம் ஏறியபோது அந்த வாத்தியாரை ஜெயித்துவிட்டதாக நினைத்தேன். போய் இறங்கியது ஷார்ஜாவுக்கு வெளியே ஒரு குதிரைப் பண்ணையில். தீவனக் கிடங்கில் மூட்டை தூக்க வேண்டும், சாணி அள்ள வேண்டும். வாத்தியார் சொன்னதில் மிருகம் மட்டும்தான் மாறியிருந்தது.

தங்கியது ஷார்ஜாவின் முவைலா பகுதியில், பலர் சேர்ந்திருந்த ஓர் அறையில். அறைக்கு வந்த முதல் நாளே "அப்பா என்ன செய்யிறார்?" என்று கேட்டார் யாழ்ப்பாணத்து அண்ணன் ஒருவர். அறையில் மூத்தவர் அவர். "சொசைட்டியில கிளார்க்" என்று வாய் தானாகச் சொல்லிவிட்டது. அந்த அறையில் ஒரு வழக்கம் இருந்தது. வெள்ளிக்கிழமை யார் ஊருக்குப் போன் போட்டாலும் ஸ்பீக்கரில் போட வேண்டும், இருக்கிற எல்லாரும் ஆளுக்கு ஒரு வார்த்தை நலம் விசாரிப்பார்கள். நல்ல வழக்கம்தான், பொய் சொல்லாதவனுக்கு. நான் தனியாகப் போன் போட்டு அப்பாவைத் தயார்ப்படுத்தினேன்.

"யார் கேட்டாலும் சொசைட்டி கிளார்க்குன்னு சொல்லுங்கப்பா."

"எதுக்குத் தம்பி?"

"சும்மாதாம்ப்பா."

அதற்கு மேல் அவர் கேட்கவில்லை. "இங்கிலீஷ்ல கேட்டா?" என்று மட்டும் கேட்டார். "ஐ யாம் சொசைட்டி கிளார்க்" என்று சொல்லிக்கொடுத்தேன். திருப்பித் திருப்பிச் சொல்லிப் பார்த்துக்கொண்டார்.

ஒன்றை நான் யோசிக்கவில்லை. அவர் போனை இடுப்பில் செருகிக்கொண்டு மேய்ச்சலுக்குப் போகிறவர். அடுத்த வெள்ளிக்கிழமை பேச்சுக்கு நடுவே ஒரு மாடு தொண்டை கிழியக் கத்தியது.

"என்னடாப்பா, உங்கட அப்பாட ஒபிசில மாடு நிண்டு கத்துது?" என்றார் அண்ணன்.

"பால் சொசைட்டிண்ணே" என்றேன். அன்றைக்கே அப்பாவுக்கு இலாகா மாற்றம் ஆகிவிட்டது.

இப்படி ஓடிக்கொண்டிருந்தபோதுதான் பண்ணைக்கு அந்த மெக்சிகோக்காரர் வந்தார். முதலாளி தன் விருந்தாளிகளுக்குக் கயிறு வித்தை காட்ட வரவழைத்திருந்தார். அகலத் தொப்பி, வெளுத்த மீசை, வலது கட்டை விரலில் பாதி இல்லை. வாசலில் 'அமெரிக்கன் கௌபாய்' என்று போர்டு வைத்தார்கள். அதைக் கடந்து போகும்போதெல்லாம் அவர் நின்று, யாரும் கேட்காமலே, "நோ. மெக்சிகோ. வக்கேரோ" என்பார். அப்படியென்றால் மாட்டுக்காரன் என்று அர்த்தமாம். எங்கள் ஊரில் கலெக்டர் என்று சொல்லுகிற குரலில் அதைச் சொன்னார்.

என் இங்கிலீஷும் அவர் இங்கிலீஷும் ஒரே தரத்தில் இருந்ததால் நன்றாகப் புரிந்துகொண்டோம். டீ குடிக்கிற நேரத்தில் கதை சொல்வார். மாடும் குதிரையும் ஸ்பெயின்காரன் கப்பலில் கொண்டுவந்தவை. முதலில் அந்த மண்ணின் ஆட்கள் குதிரை மேல் உட்காரவே கூடாது என்று சட்டம் போட்டிருந்தானாம். மாடு பெருகிக் காடு மேடெல்லாம் பரவியதும் துரைமார்களால் சமாளிக்க முடியவில்லை. அதே ஆட்களைக் கூப்பிட்டு, 'ஏறுடா' என்றார்களாம். ஏறியவர்கள் இறங்கவில்லை. தோலை முறுக்கிக் கயிறு செய்தார்கள், ஓடுகிற மாட்டின் மேல் வீசினார்கள், மறுமுனையைச் சேணத்தின் முன்னால் நீட்டிக்கொண்டிருக்கும் கொம்பில் ஒரு சுற்றுச் சுற்றி நிறுத்தினார்கள். சுற்றும்போது விரல் இடையில் மாட்டினால் போச்சு. அவருடைய பாதிக் கட்டை விரல் அப்படிப் போனதுதான். வடக்கே இருந்து அமெரிக்கர்கள் பிற்பாடு வந்து கயிறு, தொப்பி, சேணம் எல்லாவற்றையும் இவர்களிடம் கற்றுக்கொண்டு பேரையும் வாங்கிக்கொண்டு போனார்கள். சமைத்தவன் ஒருத்தன், பந்தியில் பேர் வாங்கினவன் இன்னொருத்தன். எங்கள் ஊர்க் கல்யாணம் மாதிரியே இருந்தது.

"என் அப்பா வக்கேரோ. அவர் அப்பாவும் வக்கேரோ" என்றவர், "உன் அப்பா?" என்றார்.

"கிளார்க்" என்றேன். அவர் முகத்தில் கொஞ்சம் அனுதாபம் தெரிந்தது. கிளார்க்குக்கு அனுதாபப்பட்ட மனிதரை அன்றுதான் பார்த்தேன்.

விருந்து நாள் வந்தது, அவர் கயிறு வீசிப் பிடிக்க வேண்டிய கன்றுக்குட்டி வரவில்லை. "மாஃபி, இல்லை" என்று கையை விரித்தான் அதை ஏற்றிவரப் போன டிரைவர். முதலாளியின் விரல் கூட்டத்தை ஒரு சுற்றுச் சுற்றி என்மேல் வந்து நின்றது. "யல்லா, நீ ஓடு." மெக்சிகோக்காரர் வேண்டாம் என்று தலையாட்டினார். முதலாளி கேட்கிற ஆள் இல்லை.

ஓடினேன். மாடு மேய்க்கத்தான் லாயக்கு என்ற வாத்தியார் என்னைக் குறைத்து மதிப்பிட்டிருக்கிறார். நான் மாடாகவே பதவி உயர்வு பெற்றேன். விருந்தாளிகள் கைதட்ட, என்னோடு சாணி அள்ளுகிறவர்கள் அதைவிட அதிகமாகக் கைதட்ட, ஒரு வட்டம் முடிவதற்குள் கயிறு இடுப்பில் விழுந்தது. மணலில் குப்புற விழுந்தேன். அவர் குதிரையிலிருந்து இறங்கி வந்து, என் கழுத்தில் உள்ளங்கையை வைத்து, நாக்கை மேலண்ணத்தில் ஒட்டி எடுத்து "க்ளக், க்ளக்" என்றார்.

மிரண்ட மாட்டிடம் என் அப்பா போடுகிற அதே சத்தம். அதே மாதிரி கை. வாயில் மணலோடு, "மை ஃபாதர் ஆல்சோ கௌ மேன்" என்று சொல்லிவிட்டேன்.

அவர் கயிற்றை அவிழ்க்கக்கூட மறந்துவிட்டார்.

மறு வாரம் சலவைச் சட்டை, கையில் தொப்பி, பையில் போன் கார்டு சகிதம் எங்கள் அறைக்கே வந்துவிட்டார். "அப்பாவைக் கூப்பிடு. கௌ மேனும் கௌ மேனும் பேச வேண்டும்."

யாழ்ப்பாணத்து அண்ணன் நிமிர்ந்து உட்கார்ந்தார். "ஆரடாப்பா கௌ மேன்?"

"தன்னைத்தான் சொல்லிக்கிறாருண்ணே" என்றேன். நம்பரைப் போட்டுக் கொடுத்தேன். அறை வழக்கப்படி ஸ்பீக்கர்.

"ஹலோ, தம்பியா?"

மெக்சிகோக்காரர் எழுந்து நின்றார். கண்ணை மூடிக்கொண்டு, ஒரு மலையிலிருந்து அடுத்த மலைக்குக் கூப்பிடுவதுபோல நீளமாக ஒரு குரல் கொடுத்தார். மாடுகளை அழைக்கிற குரல். அந்தப் பக்கத்தில் கழுத்துமணிகள் ஒன்றன்பின் ஒன்றாகக் குலுங்கின. எங்கள் ஊர் மாடுகள் திரும்பிப் பார்த்திருக்கின்றன.

அப்பாவுக்கும் புரிந்துவிட்டது. "அடடே" என்று அவர் சிரிக்கத் தொடங்கியது எனக்கு நன்றாகக் கேட்டது.

"யூ கௌ மேன்? மீ கௌ மேன்!" என்றார் இவர்.

சிரிப்பு பாதியில் நின்றது. அப்பா தொண்டையைச் செருமிக்கொண்டார். பிறகு ஒவ்வொரு சொல்லாக, சிந்தாமல் எடுத்து வைத்தார்.

"நோ சார். ஐ யாம் சொசைட்டி கிளார்க்."

மெக்சிகோக்காரர் என்னைப் பார்த்தார். அறையில் எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். உண்மையைச் சொல்ல ஒரு வார்த்தை போதும். நான் வகுப்பில் சிரித்த அதே சிரிப்பைச் சிரித்தேன். அவர் போனை என் கையில் வைத்துவிட்டு, அறைக்குள்ளேயே தொப்பியைத் தலையில் போட்டுக்கொண்டு வெளியே போனார்.

ஸ்பீக்கரை அணைத்துக் காதில் வைத்தேன்.

"சரியாச் சொன்னேனா தம்பி?" என்றார் அப்பா.

"சரியாத்தாம்ப்பா சொன்னீங்க" என்றேன்.