கை கட்டச் சொல்லக் கூடாத வகுப்பு

வகுப்பில் சத்தமே இல்லையென்றால் அந்த ஆசிரியர் கொடுத்துவைத்தவர் என்பார்கள். எனக்கு அமைந்த வகுப்பில் சத்தம் கிடையாது, ஆனால் பேச்சு நிற்கவே நிற்காது. 2008-ல் பி.எட். முடித்த கையோடு கடலூரில் காது கேளாதோர் பள்ளி ஒன்றில் தற்காலிக ஆசிரியராகச் சேர்ந்தேன். எங்கள் வீட்டில் காலேஜ் போன முதல் ஆள் நான். வேலை போய்விடுமோ என்ற பயம் முதல் சம்பளத்துக்கு முன்னாலேயே வந்துவிட்டது. 'வாயைப் பார்' என்கிற விதிக்கும் 'கையைப் பார்' என்கிற பிள்ளைகளுக்கும் நடுவில் மாட்டிக்கொண்ட சக ஆசிரியர்களே, உங்களுக்குப் புரியும்.

ஆறிப்போன சோறு

இது நான் பார்த்ததில்லை. பக்கத்து வகுப்பு ஸ்டெல்லா டீச்சர் சொன்னது. அவருக்கும் அவருடைய சீனியர் சொன்னதாம். அந்தக் காலத்தில் வகுப்பில் சைகை கூடாது. பிள்ளைகள் கைகளைத் தொடைக்கு அடியில் வைத்து உட்கார வேண்டும். சைகை இருந்தால் பேச்சு வராது, பேச்சு வராவிட்டால் ஊரோடு ஒட்ட முடியாது என்று நம்பினார்கள். எங்கோ இத்தாலியில் மாநாடு கூடி ஓட்டுப் போட்டு முடிவு செய்ததாம். அது கப்பலேறி நம் ஊர் வரை வந்துவிட்டதாம்.

மதியம் மணிக்குப் பதிலாக விளக்கு எரியும். அப்போதுதான் கைகளுக்கு விடுதலை. காலையிலிருந்து சேர்த்துவைத்த கதை முழுவதும் சாப்பாட்டு வரிசையில் வெளியே வரும். தட்டில் சாம்பார் சோறு ஆறிக் கிடக்கும். சமையல்கார அம்மா தலையில் அடித்துக்கொள்வாராம்: "கையால சாப்புடுங்கன்னா, கையால பேசிக்கிட்டே கெடக்குதுங்க."

மீசை

நான் சேர்ந்தபோது தொடை விதி போய்விட்டது. ஆனால் பாடம் வாயால்தான் நடத்த வேண்டும். உதட்டசைவு தெரிய மீசை இடைஞ்சல் என்றார் தலைமையாசிரியர். வேலையா மீசையா என்று யோசிக்கவே இல்லை, எடுத்துவிட்டேன். சனிக்கிழமை எங்கள் ஊர் கீரப்பாளையத்துக்குப் போனேன். வாசலில் தண்ணீர் தெளித்துக்கொண்டிருந்த அம்மா என் முகத்தைப் பார்த்ததும் வாளியைக் கீழே வைத்தார். கண் கலங்கிவிட்டது. "செத்தது யாருன்னு சொல்லிட்டு உள்ள வாடா."

கை கட்டு

நான் படித்த பள்ளிகளில் வகுப்பு அடங்க வேண்டுமென்றால் 'கை கட்டு' என்பார்கள். முதல் வாரம், கரும்பலகையில் கிரகணம் வரைந்துவிட்டுத் திரும்பினால் ஒருவரும் என்னைப் பார்க்கவில்லை. என் கைகளைக் கட்டிக் காட்டினேன். எல்லோரும் உடனே கட்டிக்கொண்டார்கள். எனக்கு ஒரே பெருமை.

முன் பெஞ்சில் கலைவாணி, சேத்தியாத்தோப்புப் பெண், ஆறாம் வகுப்பு. அவள் கண்ணில் மட்டும் நீர். வாசலில் நின்ற ஸ்டெல்லா டீச்சர் சைகையில் அவளிடம் என்னவென்று கேட்டார். அவள் ஒரு கையை மடக்கிச் சூரியனாக்கி, மறு கையை மெல்லக் குறுக்கே நகர்த்தி மறைத்தாள். பக்கத்துப் பெண்ணுக்கு என் பாடத்தைத்தான் அவள் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தாள், நான் நடத்தியதைவிடத் தெளிவாக. அன்றிலிருந்து டீச்சரிடம் சைகை கற்றுக்கொண்டு, கதவை ஒருக்களித்துச் சாத்திவிட்டுக் கையாலும் பாடம் நடத்தினேன். அன்று டீச்சர் சொன்னது இதுதான்: "நீங்க கையைக் கட்டச் சொல்லல சார், வாயைப் பொத்திட்டீங்க."

காகிதம் ஆடியது

கலைவாணியின் அப்பா அடுத்த வருஷம் கறாராகச் சொல்லிவிட்டார்: தீபாவளிக்குள் 'அப்பா' என்று கூப்பிடாவிட்டால் படிப்பை நிறுத்திக் கூட்டிப்போய்விடுவார். பேச்சுப் பயிற்சி வீண் என்று நான் சொல்ல மாட்டேன். கொஞ்சம் காது கேட்கிற பிள்ளைகள் மெஷின் வைத்துக்கொண்டு நன்றாகவே பேசினார்கள். கலைவாணிக்குத் துளியும் கேட்காது. உதட்டுக்கு முன்னால் காகிதத் துண்டைப் பிடிப்போம். 'ப்பா' என்று காற்று வந்தால் அது ஆடும். தினமும் இதுதான்.

பெற்றோர் கூட்டத்தன்று காகிதம் ஆடியது. 'அப்பா' கரகரவென்று வந்தது. நான் துள்ளாத குறை. அவர் முகமும் மலர்ந்தது. இன்னும் ஏதோ வரும் என்று காத்திருந்தார். வரவில்லை. "அவ்ளோதானா சார்?"

பச்சை

அவர் அவளுடைய பையைத் தோளில் மாட்டிக்கொண்டார். தலைமையாசிரியர் பக்கத்து அறையில் இருந்தார். நான் கையால் பேசுவதைப் பார்த்தால் வேலை போய்விடும். போகும் முன் மகளிடம் ஏதாவது கேளுங்கள், கையால் நான் சொல்கிறேன் என்றேன். வெகுநேரம் யோசித்தார். மகளிடம் கேள்வி கேட்டே பழக்கமில்லை போலிருக்கிறது. கடைசியில், தீபாவளிக்கு என்ன துணி வேண்டுமென்று கேட்கச் சொன்னார்.

கலைவாணியின் கைகள் பறந்தன. நான் மறுபடி சொல்லச் சொல்லி, சரிபார்த்துவிட்டு அப்படியே சொன்னேன்: "பச்சை வேணாமாம். அவளுக்குப் பச்சையே புடிக்காதாம். ஒவ்வொரு வருஷமும் ஏன் பச்சைப் பாவாடையே எடுக்கிறீங்கன்னு கேக்குறா."

அவர் பெஞ்சில் உட்கார்ந்துவிட்டார். சின்ன வயதில் ஒருமுறை பச்சையைத் தொட்டுப் பார்த்தாளாம். அதிலிருந்து அதையே எடுத்தாராம், வேண்டாம் என்று அவள் ஒருநாளும் சொன்னதில்லையாம். வேறென்ன வேண்டுமென்று கேட்டார். அவள் காட்டியது நீலம். தலைமையாசிரியர் வாசலில் நின்று எல்லாவற்றையும் பார்த்துவிட்டுத் திரும்பிப் போனார். அப்பா பையைக் கழற்றி மகளிடம் கொடுத்தார். "நீலம்னா கையில எப்புடி சார் சொல்றது?"

பிறகு சிதம்பரத்தில் ஒரு பிரவுசிங் சென்டரில் உட்கார்ந்து ஸ்டெல்லா டீச்சர் சொன்னதைச் சரிபார்த்தேன். 1880-ல் மிலான் நகரில் மாநாடு நடந்தது உண்மை. சைகைக்கு எதிராக முடிவெடுத்த அந்த அவையில் நூற்றுக்கும் மேற்பட்டவர்கள், காது கேளாதவர் ஒரே ஒருவர். அதே வரிசையில் வந்த மாநாடு 2010-ல் கனடாவில் கூடி, அந்த முடிவைத் தள்ளிவிட்டு வருத்தம் தெரிவித்ததும் உண்மை. நூற்று முப்பது வருஷம் கழித்து அவர்கள் மனம் மாறியபோது, எங்கள் கலைவாணியின் நீலப் பாவாடை துவைத்துத் துவைத்து வெளுக்கவே ஆரம்பித்திருந்தது.