டோக்கன் எண் 2217

ஜெகதீசன் பெரியப்பா கட்கி வெடிமருந்துத் தொழிற்சாலையில் முப்பத்தெட்டு வருடம் வேலை பார்த்தவர். ஒரு நாள்கூடத் தாமதமாகப் போனதில்லை. ஓய்வு பெற்று ஏழு வருடம் ஆன பிறகு, ஒரு ஹிந்திச் செய்திச் சேனல் அவரை வேலையில்லாதவர் ஆக்கியது.

வேலையில்லாத் திண்டாட்டம் பற்றிய செய்தி அது. நடுவில் ஐந்து விநாடி ஒரு பழைய கறுப்பு வெள்ளைக் காட்சி ஓடியது. மீசை வைத்த இளைஞர்கள் வரிசையில் நின்று இரண்டு கைகளையும் உயர்த்துகிறார்கள். மூன்றாவது ஆள் பெரியப்பா. அதே வாரம் வேறொரு சேனலின் விவாதத்தில் வந்தார். அடுத்த மாதம் ஓர் ஆவணப்படத்தில், சோகமான புல்லாங்குழலோடு வந்தார்.

சம்பந்தி ஸ்வாமிநாதன் போன் செய்தார். "என்ன சம்பந்தி, ஒரு நாள் லேட்டாப் போனதில்லைன்னு சொல்லுவீங்க. டிவில வேலை தேடிக் கையைத் தூக்கிட்டு நிக்கிறீங்க?"

சிரித்துக்கொண்டுதான் கேட்டார். பெரியப்பா அன்று மத்தியானம் சாப்பிடவில்லை.

காட்சியின் மூலையில், அதை விற்ற நிறுவனத்தின் பெயர் இருந்தது. நகரின் கேம்ப் பகுதியில் ஒரு மாடி அறைதான் அதன் அலுவலகம். துணைக்கு என்னை அழைத்தார். மூன்று வருடம் ஊர் சுற்றிவிட்டு அப்போதுதான் திரும்பியிருந்தேன். வீட்டில் உண்மையிலேயே வேலையில்லாதவள் நான்தான்.

அங்கே வைஷு என்ற தமிழ்ப் பெண் பழைய காட்சிகளுக்குக் குறிப்பு எழுதிக்கொண்டிருந்தாள். அந்தக் குறிப்பை வைத்துத்தான் சேனல்கள் தேடி வாங்குகின்றன. பெரியப்பாவின் காட்சிக்கு எழுதியிருந்ததும் அவள்தான்: 'வேலை கேட்டுப் போராடும் இளைஞர்கள், 1981.'

"எல்லாரும் ஹாத் ஊப்பர் பண்றாங்களே அங்கிள். வேலை கேக்கலையா?"

"வேலை கேக்க எவன்மா ரெண்டு கையைத் தூக்குவான்? அது ஃபேக்டரி வாசல். உள்ள பூரா வெடிமருந்து. தீப்பெட்டி, பீடி இருக்கான்னு தர்வான் தினம் தடவிப் பாத்துட்டுத்தான் உள்ள விடுவான். நான் டூட்டிக்குப் போறேன்."

அவள் காட்சியை மறுபடி ஓட்டினாள். வரிசையின் முனையில் தர்வான் ஒருவரின் இடுப்பை மும்முரமாகத் தடவிக்கொண்டிருந்தார்.

"இவரை நான் லீடர்னு நினைச்சேன்," என்றாள்.

பழையதை அழித்துவிட்டு 'ஆலை வாசலில் சோதனை' என்று அடித்தாள். பெரியப்பா எட்டிப் பார்த்தார்.

"இப்படிப் போட்டா நாளைக்கு என்னைத் திருடன் லைன்ல நிக்க வெப்பாங்க. என் பேரைப் போடும்மா. ஃபேக்டரில எனக்குக் குடுத்த டோக்கன் நம்பரும் போடு, 2217."

"பேர் போட்டா யாரும் வாங்க மாட்டாங்க அங்கிள்."

"வாங்க வேணாம்."

வைஷு அடித்தாள்: 'மூன்றாவது நபர் ஜெகதீசன், டோக்கன் எண் 2217, வேலையில் இருக்கிறார்.' அவர் கண்ணாடி போட்டுக்கொண்டு இரண்டு முறை படித்தார்.

அதன் பிறகு பெரியப்பா டிவியில் வரவில்லை. வேலையில்லாத் திண்டாட்டம் மட்டும் வந்துகொண்டிருக்கிறது. இப்போது அதில் வேறொரு பழைய வரிசை. தலையில் துண்டு கட்டிய ஒருவர் கேமராவைப் பார்த்துக் கண்ணைச் சுருக்குகிறார். அவர் வரும்போது பெரியப்பா யாரையும் சேனலை மாற்ற விடுவதில்லை.

"பாவம், இவன் எந்த செக்‌ஷனோ," என்பார்.