கூரை கழற்றிய கோட்டை

மீராமுகைதீன் காக்கா பிளேன்ரீக் கோப்பையை ஓரமாக நகர்த்திவிட்டு, கைப்பேசிப் படத்தை இரண்டு விரல்களால் பெரிதாக்குகிறார். அயர்லாந்தில் ஓர் ஆற்றங்கரை. கொடி படர்ந்து, கூரையற்று நிற்கும் பழங்கோட்டை. கல்முனையின் இந்தத் தேநீர்க்கடையில் அதைப் பார்க்காதவர் இல்லை.

"அஞ்சடிச் செவரு, ஐநூறு வருசம்! நம்மட ஊட்டுச் செவரு அஞ்சு மாரிக்கு நிக்குமா?" என்பார். நாற்பதாண்டு மேசன் வேலை பார்த்தவர். யார் கட்டியது, எந்தப் படை படகில் வந்து வளைத்தது, உள்ளே இருந்தவர்கள் எத்தனை நாள் பட்டினி கிடந்தார்கள், எல்லாம் மனப்பாடம்.

"படகுல நீங்களும் இரிந்தயா காக்கா?" என்று சீண்டுவார் கடைக்கார ஹமீட்.

"என்ட மகள் சொன்னா."

மகள் றுஸ்தா அங்கே ஆஸ்பத்திரியில் தாதி. அவள் அனுப்பிய குரல்பதிவை எல்லோருக்கும் போட்டுக்காட்டுவார். ஓரிடம் வந்ததும் அவர் பெருவிரல் அதை நிறுத்திவிடும். விரல் தவறிய ஒருநாள் நான் மிச்சத்தையும் கேட்டேன்:

"கூரைய எதிரி ஒடைக்கல்ல வாப்பா. சொந்தக்காரனே கழட்டினானாம். கூரை இரிந்தா வரி கட்டணுமாம். அதோட கோட்டை செத்துப் போயிட்டு."

எங்கள் ஊரில் வீடு பெண்ணுக்குரியது; மகளின் கல்யாணத்துக்குத் தகப்பன் கட்டிக்கொடுப்பது. றுஸ்தாவின் வீட்டுக்கு ஒவ்வொரு கல்லையும் அவரே வைத்தார். பேசி முடித்த மாப்பிள்ளை வேண்டாமென்று அவள் விமானம் ஏறிய வாரம், அவரே ஏணி வைத்து ஏறி ஓடுகளைக் கழற்றினார். இறக்காமத்தில் ஒரு வயல்வாடிக் குடிசைக்குக் கொடுத்தார். அதையும் யானை மிதித்துவிட்டது. காற்றில் நாலைந்து ஓடு பறந்ததாக மகளிடம் சொன்னார். அவள் நம்பினாள். நாலு மாரி மழையும் அந்த அறைகளுக்குள்ளேதான் அழுது தீர்த்தது.

இன்று புதன். காலையில் அவள் குரல் வந்தது: "வாற வெள்ளிக்கிழம வாறன் வாப்பா. என்ட ஊட்டுலதான் தங்குவன். ஒழுகினாலும் பரவால்ல. திறப்ப எடுத்து வைங்க."

"சொல்லிருங்க காக்கா," என்றார் ஹமீட் மெல்ல. இப்போது சீண்டல் இல்லை. "புள்ளதானே."

"என்னெண்டு சொல்ற?"

இடுப்பு வாரிலிருந்து வீட்டுப் பூட்டின் திறப்பை எடுத்தார். துருவேறியிருந்தது. ஹமீட்டின் எண்ணெய்ப் போத்தலில் விரலைத் தொட்டு, அதன் பற்களை ஒவ்வொன்றாகத் துடைக்கத் தொடங்கினார்.