இருபது வரை எண்ணிய வாய்

துயீலியோ பெர்ராச்சி பதினேழு படங்களுக்கு எழுதினான். ஒன்றிலும் அவன் பெயர் வரவில்லை. ரோமில் அது வழக்கம்தான். ஆறு பேர் மேசையைச் சுற்றி உட்கார்ந்து எழுதுவார்கள். திரையில் பெரிய பெயர்கள் மூன்று வரும். டிராம் ஓட்டியவர் மகனுக்கு அதில் இடம் ஏது?

அவன் அக்கா எர்சீலியா ஐந்தாம் வகுப்போடு நின்று, தையற்கடையில் காஜா எடுத்து அவனைப் படிக்க வைத்தவள். ஒரு தையல் பிசகினாலும் முழுதும் பிரித்துவிட்டு மறுபடி தைப்பாள். படத்துக்கு ஒரு பக்கமாக நோட்டில் ஒதுக்கி, எந்த வசனம் தம்பியுடையது என்று அவனையே கேட்டு எழுதி வைத்திருந்தாள்.

"போலீஸ்ல புகார் எழுதற மாதிரி எழுதறியேக்கா" என்று அவன் சிரிப்பான்.

பதினெட்டாவது படத்தில் பெயர் போடுவதாக இயக்குநர் வாக்குக் கொடுத்தார். அந்தக் கதையில் துயீலியோ தன் அம்மாவை வைத்திருந்தான். போர்க்கைதியாக இருந்த அப்பா மூன்று வருடம் கழித்து வாசலில் வந்து நின்றபோது அம்மா அழவில்லை. "சூப் ஆறுது, உக்காரு" என்றாள். அவனும் அதையேதான் எழுதினான்.

மனைவியாக நடிக்க, முகவெட்டுக்காக ஒரு மீன்காரியைப் பிடித்து வந்தார்கள். குரலை எப்படியும் பிறகுதான் சேர்ப்பார்கள் என்பதால், வசனம் வராதவர்களைச் சும்மா எண்களைச் சொல்லச் சொல்வதுண்டு. அன்று படப்பிடிப்பிலிருந்து வந்த துயீலியோ சாப்பிடவில்லை.

"மூணே வார்த்தை, அக்கா. அவளை இருபது வரைக்கும் எண்ண வச்சிட்டாரு."

"ஏன்டா?"

"கேட்டேனே. வாய் அசையட்டும், அப்புறம் பாத்துக்கலாம்ங்கிறாரு."

எர்சீலியாவுக்கு அது பெரிதாகப் படவில்லை. பெயர்தான் வரப்போகிறதே.

படம் வெளியானதும் தெஸ்தாச்சோ பேட்டையில் தங்கள் கட்டடத்தில் இருந்த அத்தனை பேரையும் கூட்டிக்கொண்டு போனாள். பெயர் வந்தது, எழுத்துப் பிழை இல்லாமல். பக்கத்து வீட்டு நுன்சியாத்தா விசிலடித்தாள்.

"ஏய் துயீலியோ, உன் பேரு என் புருஷன் மூக்கை விடப் பெருசா இருக்குடா!"

கடைசியில் கணவன் வாசலில் வந்து நின்றான். மீன்காரியின் வாய் அசைந்தது. ஒன்று, இரண்டு, மூன்று... எர்சீலியா தன்னையறியாமல் எண்ணினாள். வாய் நிற்கவில்லை. யாரோ ஒரு நாடகக்காரியின் குரல் கதறியது: "நீ இல்லாத ஒவ்வொரு நாளும் செத்துச் செத்துப் பொழச்சேன்! இனி அந்தக் கடவுளே வந்து கேட்டாலும் உன்னைக் குடுக்க மாட்டேன்!"

சரியாக இருபதில் முடிந்தது.

அரங்கமே அழுதது. வெளியே வந்ததும் நுன்சியாத்தா அவன் கன்னத்தைக் கிள்ளினாள். "பாவி, எப்படிடா இப்படி எழுதுன? உங்கம்மாவையே கண்ணு முன்னால கொண்டாந்து நிறுத்திட்டியே!"

துயீலியோ நன்றி சொன்னான். எர்சீலியா அவன் முகத்தைப் பார்க்கவில்லை.

வீட்டில் அவள் நோட்டைத் திறந்தாள்.

"எழுதிக்கோக்கா. பேரு வந்துடுச்சுல்ல" என்றான்.

"எழுதறேன். உன் வரி எதுன்னு சொல்லு."

அவன் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினான்.

அதன்பின் அழ வைக்கிற வசனம் வேண்டுமென்று ஆளாளுக்கு அவனைத் தேடி வந்தார்கள். சாகும்வரை இன்னும் பதினோரு படங்கள் எழுதினான். எல்லாவற்றிலும் பெயர் வந்தது. ஒன்றுகூட நோட்டில் ஏறவில்லை. அவள் கேட்கவுமில்லை, அவன் சொல்லவுமில்லை.