ஜெயிலுக்குள் செய்த ஏணி

1. வாய்மொழி ஆர்டர்

கைதிகளை வைத்தே ஜெயிலுக்குள் ஏணி செய்யச் சொன்ன ஒரு அதிகாரியின் கீழ் நான் வேலை பார்த்தேன். சொன்னால் யாரும் நம்புவதில்லை. புனேயில் ஒரு ஜெயில், பெயர் வேண்டாம். அங்கே தச்சுப் பட்டறையில் இருபத்தாறு வருடம் இன்ஸ்ட்ரக்டராக இருந்தேன். கைதிகள் என்னை மாஸ்டர் என்பார்கள்.

மும்பையிலிருந்து இன்ஸ்பெக்‌ஷன் வருகிறது, சுவருக்கு வெள்ளை அடிக்க வேண்டும். புதிதாக வந்த ஜெயிலர் சாப் பட்டறை வாசலில் நின்றபடியே சொன்னார்: "மாஸ்டர், ஏக் லம்பீ சீடி பனாவ். ஜல்தி!" நீளமான ஏணி வேண்டுமாம், சீக்கிரம் வேண்டுமாம்.

ஏணி, கயிறு, கம்பு மூன்றையும் கைதியின் கண்ணிலேயே காட்டக் கூடாது என்பது முதல் நாளே எங்களுக்குச் சொல்லித் தரும் பாடம். அதைச் சொன்னேன். "இத்னே கார்பென்டர் ஹை தும்ஹாரே பாஸ்" என்றார். இத்தனை தச்சர்கள் இருக்கும்போது வெளியே ஏன் கேட்க வேண்டும் என்று அவருக்குக் கணக்கு. எழுத்தில் கொடுங்கள் என்று நான் கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை. அங்கேதான் என் சனி ஆரம்பித்தது.

2. கழுந்து

பட்டறையில் நல்ல கைக்காரன் செல்வம். வேலூர்ப் பக்கத்துப் பையன். ரஞ்சன்காவ் ஃபேக்டரி கேன்டீனில் சண்டை போட்டு, ஒருவன் மண்டையை உடைத்துவிட்டு உள்ளே வந்தவன். நன்னடத்தைக்காகத் தண்டனையில் கழிக்கும் நாட்களை அங்கே மாஃபி என்போம். மாஃபி எல்லாம் போக அவனுக்குத் தொண்ணூற்று நான்கு நாள்தான் பாக்கி. அந்த நேரத்தில் ஏதாவது வம்பில் மாட்டினால் மாஃபி மொத்தமும் போகும், புது கேஸ் வேறு சேரும்.

ஏணிப் படியின் முனையை மெலிதாக்கிச் சட்டத்துத் துளையில் சொருகுவோம். அந்த முனைக்குக் கழுந்து என்று பெயர். முனை மெலியத் தொடங்கும் விளிம்பைத் தோள் என்போம்; ரம்பம் அந்தத் தோளோடு நிற்க வேண்டும். ஒரு நூல் தாண்டினாலும் படி அங்கேயே முறியும். அந்த வேலையைச் செல்வத்திடம்தான் கொடுத்தேன். சட்டங்களை ஒரு மூலையிலும் படிகளை என் அலமாரியிலும் பூட்டி வைத்தேன். பெயின்டர் வரும் நாளில் என் முன்னால் மாட்டிக்கொள்ளலாம் என்று நினைத்தேன்.

பெயின்டர் இரண்டு மணிக்கு வருவான் என்று தெரிந்ததும், ஜெயிலர் சாப் காலையிலேயே வந்து நின்றார். "அபீ ஜோடோ!" இப்போதே மாட்டு என்கிறார். மாட்டினோம். என்னை ஆபீசுக்குக் கூப்பிட்டார்கள். எதற்கு? இன்ஸ்பெக்‌ஷன் அன்று நாற்காலிகள் எப்படிப் போட வேண்டும் என்று பேச! தலையில் அடித்துக்கொள்ளலாம் போலிருந்தது.

திரும்பும்போது சைரன். பட்டறைக்குப் பின்னால், எங்களிடமே வேலை செய்த பாண்டு என்ற ஆயுள் கைதி காலை ஒடித்துக்கொண்டு கிடந்தான். ஏணி சுவரில் சாய்ந்திருந்தது. எட்டாவது படி முறிந்திருந்தது. கீழே ஏணியைப் பிடித்தபடி செல்வம்.

"அவன ஏறாதன்னு தடுக்கத்தான் ஓடியாந்தேன் சாப்" என்று அவன் அரைகுறை இந்தியில் அழுதான்.

3. நான்தான்

ஜெயிலர் சாப் முறிந்த படியைக் கையில் எடுத்துப் பார்த்தார். கழுந்தில் ரம்பம் தோளைத் தாண்டி ஆழமாக இறங்கியிருந்தது. அதன் மேல் மரத்தூளும் பசையும் குழைத்துப் பூசி மறைத்திருந்தது. யார் அறுத்தது என்று எல்லார் முன்னாலும் கேட்டார். செல்வத்தின் முகத்தில் ரத்தமே இல்லை.

எனக்குப் புரிந்துவிட்டது என்று நினைத்தேன். பாண்டு தப்பிக்கப் போவது தெரிந்து, வாயால் சொல்லப் பயந்து, பையன் படியை அறுத்து வைத்திருக்கிறான். இது வெளியே வந்தால் பாண்டுவின் ஆட்கள் அவனைக் கைதிகள் படுக்கும் பாரக்கிலேயே முடித்துவிடுவார்கள்.

"நான்தான் அறுத்தேன். சந்தேகமா இருந்துச்சு" என்றேன்.

"சந்தேகம் இருந்தால் ரிப்போர்ட் எங்கே?" என்றார். ஏணி செய்யச் சொன்ன மனுஷன் கேட்கிற கேள்வியைப் பாருங்கள்! விசாரணையில் அந்த ஆர்டரைப் பற்றி அவர் வாயே திறக்கவில்லை. எனக்கு சஸ்பென்ஷன். ரிட்டயர் ஆகும் முன் வரவேண்டிய ப்ரொமோஷனும் போனது. கட்கியில் இருந்த வீட்டுக்குப் போனால் என் வீட்டுக்காரி விட்டாளா? "வேலியில போற ஓணான எடுத்து வேட்டியில விட்டுக்கிட்டு, இப்ப குத்துது குடையுதுன்னா?" என்று இரண்டு மாதம் இதே பாட்டு. தடுக்க ஓடினவன் என்று எழுதிவிட்டதால் செல்வத்தின் மாஃபிக்கு மட்டும் ஒன்றும் ஆகவில்லை. அது போதும் என்று வாயை மூடிக்கொண்டேன்.

4. டப்ரியில்

செல்வம் விடுதலையான அன்று நான் மறுபடி டூட்டியில் இருந்தேன். கேட்டுக்கு எதிரே டீ விற்கும் பெட்டிக்கடையில், அங்கே டப்ரி என்பார்கள், என்னைப் பார்த்து எழுந்து நின்றான்.

"மாஸ்டர், ஒண்ணு சொல்லணும். நா வேணும்னு அறுக்கல."

"பின்ன?"

"பாண்டு பின்னாடியே நின்னு, எப்ப மாட்டுவீங்க, எப்ப மாட்டுவீங்கன்னு கேட்டுக்கினே இருந்தான். அவன் பக்கம் திரும்பினேன். ரம்பம் எறங்கிடுச்சு. நீங்க பாத்தா திட்டுவீங்கன்னு பசை வச்சு மூடிட்டேன். மாட்டுனப்ப அது எந்தப் படின்னு எனக்கே தெரியல."

"அப்ப ஏணியப் புடிச்சிக்கினு நின்னது?"

தலையைக் குனிந்துகொண்டான். "அவன் ஏறினதும் நானும் ஏறலாம்னு."

அடப்பாவி! கையிலிருந்த டீ என் சட்டையில் கொட்டியது. "தொண்ணூத்தி நாலு நாள்தானேடா இருந்துச்சு! அறிவு கெட்டவனே, உனக்காக நான் சஸ்பென்ஷன் வாங்கினேன்டா!"

"தெரியும் மாஸ்டர். ஆனா ஆயுள்காரன் நாள எண்ண மாட்டான். எண்ணுறவனுக்குப் பொழுதே போகாது. ஒரு நாள் ஒரு வருசமாட்டம் இருக்கும். ராத்திரியில மூச்சு முட்டும். யார்கிட்ட சொல்றது?"

ஓங்கி ஒன்று விட்டால் என்ன என்று தோன்றியது. விடவில்லை. ஸ்டேஷனுக்கு ரிக்‌ஷா பிடித்து ஏற்றிவிட்டேன்.

இந்த வேலைக்குப் புதிதாக வருகிறவர்களுக்கு இரண்டே விஷயம். எந்த ஆர்டரையும் எழுத்தில் வாங்குங்கள். ஆயுள் கைதியை எல்லோரும் கவனிப்பார்கள், நீங்கள் விடுதலை நாள் நெருங்குகிறவன் பக்கத்தில் போய் உட்காருங்கள். ஒரே பாஷை பேசுகிறவன் நான், தினமும் எட்டு மணி நேரம் செல்வத்தின் பக்கத்தில் நின்றேன். கழுந்தைப் பற்றித் தவிர அவனிடம் வேறு எதையும் நான் கேட்டதில்லை.