கூடையின் அடியில் கை விட்ட அண்ணி

காசிமேட்டில் மீன் வாங்கப் போகும்போதெல்லாம், கூடையின் அடியில் நுழைகிற ஒரு கை என் கண்முன் வந்து நிற்கும். அது என் அண்ணியின் கை. ஏலத்தில் மீன் எடுத்து ராயபுரம் தெருக்களில் விற்றவர் அவர். மேலே பளபளவென்று அடுக்கியிருக்கும் சங்கராவைத் திரும்பியும் பார்க்க மாட்டார். ஐஸுக்குள் முழங்கை வரை விட்டு, அடியில் கிடப்பதை உருவி, செவுள் சிவப்பாக இருக்கிறதா என்று தூக்கிப் பார்ப்பார். "இப்பத்தான் போட்லேர்ந்து எறக்கினது, யக்கா" என்று ஏலக்காரர் சத்தியம் செய்தால், "நீ சொல்றே. மீனு இன்னா சொல்லுதுன்னு பாக்குறேன், இரு" என்பார்.

பிள்ளைகளே, அந்தப் பழக்கமே ஒரு பரீட்சையில் அவரைக் கவிழ்க்கப் பார்த்தது. என் அண்ணன் எண்ணூரில் ஒரு கம்பெனியில் வேலை பார்த்துக்கொண்டிருந்தபோதே இறந்துவிட்டார். அண்ணி பத்தாவது பாஸ் செய்தால் அங்கே ஆபீஸ் வேலை தருவதாகச் சொன்னார்கள். அதற்கும் ஒரு கெடு வைத்தார்கள். மற்ற பாடங்களை எப்படியோ தேறிவிட்டார். தமிழ் மட்டும் போய்விட்டது. அடுத்த தடவையும் போனால் வேலை இல்லை. இரண்டு பிள்ளைகளையும் மீன் கூடையை நம்பித்தான் வளர்க்க வேண்டும்.

நான் கண்டெய்னர் லாரி ஓட்டுபவன். பெரிய படிப்பு கிடையாது. ஆனாலும் சாயங்காலங்களில் உட்கார்ந்து பழைய கேள்வித்தாள்களை அவருக்குப் படித்துக் காட்டுவேன். அவர் எங்கே தோற்கிறார் என்று அப்போதுதான் தெரிந்தது. ஒரு பத்தியைக் கொடுத்து, அதைப் படித்து விடை எழுதச் சொல்வார்களே, அங்கேதான். மீனவர்கள் விடியலில் கடலுக்குப் போவார்கள் என்று பத்தியில் இருக்கும். எப்போது போவார்கள் என்று கேள்வி. அண்ணியோ, அது காற்றையும் வலையையும் பொறுத்தது என்று பக்கம் முழுக்க எழுதி வைப்பார்.

"பத்தியில இருக்கறத எழுதினா போதும் அண்ணி."

"எவனோ எய்திக்கீறான். நான் பாக்காததுக்கு என் கையெய்த்துல எப்டி நைனா ஆமான்னு சொல்றது?"

"வேலை வேணுமா, வேணாமா?" என்று ஒரு நாள் கத்திவிட்டேன். பிள்ளைகள் இரண்டும் சாப்பாட்டுத் தட்டிலிருந்து நிமிர்ந்து பார்த்தன.

பரீட்சை திருவொற்றியூரில் ஒரு பள்ளிக்கூடத்தில் நடந்தது. லாரிகள் கிளப்பிய புழுதியில் வாசலிலேயே நின்றிருந்தேன். முதலில் வெளியே வந்தவர்கள் பேசிக்கொண்டு போனது காதில் விழுந்தது. இந்தக் காலத்தில் வரலாற்றை எப்படி ஆராய்கிறார்கள் என்பதுதான் பத்தியாம். கல்வெட்டும் ராஜாக்களும் மட்டும் போதாது, மீனவர், கூலிக்காரர் வாய்ப்பேச்சும் நம்பத்தக்க சான்று என்று இருந்ததாம். கடற்கரைக்காரர் பேச்சைப் பற்றி அண்ணியிடமே கேட்டால், அவர் சும்மா விடுவாரா?

கடைசி ஆளாக வந்தார். முகமெல்லாம் வியர்வை.

"நம்ம ஜனம் சொல்றத ஏன் நம்பலாம்னு கேக்குறான் நைனா. உங்கப்பாரு புயல்ல புடிச்ச மீனு, சொல்லச் சொல்ல வளந்துகினே போவும். அதையா நம்புறது?"

"ஐயோ, அதையா எழுதினீங்க?"

"எய்த ஆரம்பிச்சேன். புள்ளைங்க மொகம் வந்துச்சு. எய்தினத அடிச்சிட்டேன்." சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "அப்பால ஒவ்வொரு பதில்லயும் மொதல்ல 'பத்தியின்படி'ன்னு போட்டேன். அவன் சொன்னத அப்டியே எய்தினேன். சொன்னது அவன். நான் சாட்சி இல்ல."

அது சரியா தப்பா என்று எனக்குத் தெரியவில்லை. ரிசல்ட் வரும் வரை லாரி ஓட்டும்போதுகூட அந்த அடித்த வரிகள்தான் ஞாபகத்துக்கு வரும். கடைசியில், மயிரிழையில் பாஸ். அண்ணி திண்ணையில் உட்கார்ந்து அழுததை அன்றுதான் பார்த்தேன். அந்த ஆபீசில்தான் இன்றும் இருக்கிறார்.

போன வாரம் என் மகள் போனில் வந்த ஒரு செய்தியைக் காட்டினாள். ராயபுரத்தின் பழைய கதையாம். பள்ளிக்கூடத்துக்குக் கட்டுரை எழுத அதை எடுத்து வைத்திருந்தாள். நிஜமா பொய்யா என்று எனக்கும் தெரியாது. "யாரு சொன்னதுன்னு மொதல்ல எழுதும்மா" என்றேன். "யாருன்னே போடலப்பா" என்றாள். அப்புறம் அவளே அதை விட்டுவிட்டு வேறு தேட ஆரம்பித்தாள்.

இன்று காலை காசிமேட்டில் ஒரு கூடை நிறையச் சங்கரா, மேலே சிவப்பாக மின்னியது. அண்ணி மாதிரியே ஐஸுக்குள் கை விட்டேன். விரல் மரத்துப்போனது. அடியில் கிடந்ததை உருவி, செவுளைத் தூக்கிப் பார்த்தேன். வெளுத்திருந்தது. மீனை இருந்த இடத்திலேயே வைத்துவிட்டு அடுத்த கூடைக்குப் போனேன்.